வடவானம் படிக்க எங்கே தொடங்குவது: சப்தரிஷியா, காசியோபியாவா, ஓரியனா?

நட்சத்திரம் பார்க்கக் கற்றுத்தரும் புத்தகம், வீடியோ எதை எடுத்தாலும் முதல் பாடம் ஒன்றுதான். கரண்டி வடிவான சப்தரிஷி மண்டலத்தைக் கண்டுபிடி, கரண்டி முனையில் இருக்கும் இரண்டு நட்சத்திரங்களை இணைத்துக் கோட்டை நீட்டு, துருவ நட்சத்திரம் கிடைக்கும், அப்புறம் அங்கிருந்து மற்றதெல்லாம். பாடத்தில் தவறு ஒன்றும் இல்லை. ஆனால் அது பெரும்பாலும் 40, 50 பாகை வட அட்சரேகையில் வாழ்கிறவர்களுக்காக எழுதப்பட்டது. மதுரையிலோ யாழ்ப்பாணத்திலோ மொட்டைமாடியில் நிற்பவருக்கு வருஷத்தில் பாதி நாள் அது உதவாது. நவம்பரில் இரவு ஒன்பது மணிக்கு இந்தப் பாடத்தோடு மாடியேறினால் சப்தரிஷி வானத்திலேயே இருக்காது. துருவ நட்சத்திரமோ பக்கத்து வீட்டுத் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் இருக்கும்.

அப்படியானால் நம் ஊர் அட்சரேகையில் எந்த உருவத்தைப் பிடித்துக்கொண்டு தொடங்குவது? போட்டியில் மூன்று: சப்தரிஷி, காசியோபியா, ஓரியன். ஓரியனை வடவானத்து உருவம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். அது வான நடுக்கோட்டின் மேல், அதாவது பூமியின் நிலநடுக்கோட்டுக்கு நேர் மேலே வானத்தில் ஓடும் கோட்டின் மேல், உட்கார்ந்திருப்பது. இருந்தாலும் வடக்கே போக அது நல்ல வழி, அதனால்தான் சேர்த்திருக்கிறேன். கூடவே இன்னொரு தேர்வும் இருக்கிறது: பஞ்சாங்கத்துப் பெயரால் கற்பதா, உலகம் முழுக்கப் புழங்கும் அரபுப் பெயரால் கற்பதா, வரைபடத்தில் இருக்கும் கிரேக்க எழுத்துகளாலா?

முதலில் நம் வடக்கின் நிலைமையைப் பார்த்துவிடலாம். துருவ நட்சத்திரம் அடிவானத்துக்கு மேல் எத்தனை பாகை உயரத்தில் தெரியும் என்பதற்கு உங்கள் ஊரின் அட்சரேகையே விடை. கன்னியாகுமரியில் 8, மதுரையிலும் யாழ்ப்பாணத்திலும் ஏறத்தாழ 10, கோவையில் 11, சென்னையில் 13. லண்டனில் அது 51, டொரன்டோவில் 43க்கு மேல். கையை முழுதாக நீட்டி முஷ்டியை மூடிப் பிடித்தால் அதன் அகலம் வானத்தில் சுமார் 10 பாகை. ஆக, தமிழ்நாட்டில் துருவ நட்சத்திரம் அடிவானத்திலிருந்து ஒரு முஷ்டி உயரத்தில்தான் இருக்கிறது. கொழும்பில் 7 பாகை. சிங்கப்பூரில் ஒரு பாகைக்குக் கொஞ்சம் மேல், அங்கே அதைத் தேடும் வேலையே வேண்டாம்.

அவ்வளவு தாழ்வில் பார்க்கும்போது, தலைக்கு நேர் மேலே பார்ப்பதைப்போல ஐந்து மடங்கு காற்றை ஊடுருவிப் பார்க்கிறோம். தூசி, புகை, கடலோர ஈரப்பதம் எல்லாம் அந்த ஒரு முஷ்டிக்குள்தான் அடைந்து கிடக்கும். போதாக்குறைக்குத் துருவ நட்சத்திரம் அப்படியொன்றும் பிரகாசமானது இல்லை. வானத்திலேயே பெரிய ஒளி அதுதான் என்ற எண்ணம் பலருக்கு இருக்கிறது. உண்மையில் பிரகாச வரிசையில் அது ஐம்பதாவது இடத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது. அதன் பொலிவெண் 2 (பிரகாசத்தை அளக்கும் எண் இது, எண் கூடக்கூட ஒளி மங்கல்), நம் அடிவானத்தில் இன்னும் ஒரு படி மங்கிவிடும்.

பொலிவெண் என்று சொல்லும்போது ஒரு சென்னைச் சேதியையும் சொல்லவேண்டும். ஐந்து பொலிவெண் வித்தியாசம் என்றால் ஒளியில் நூறு மடங்கு வித்தியாசம் என்ற இன்றைய கணக்கை 1856இல் முன்வைத்தவர் நார்மன் போக்சன். அவர் 1861இல் சென்னை வானாய்வகத்தின் பொறுப்பேற்று, 1891இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். நுங்கம்பாக்கத்தில் முப்பது வருஷம் வானம் பார்த்த மனிதர்.

தாழ்ந்த துருவத்தால் இன்னொரு விளைவும் உண்டு. லண்டனில் சப்தரிஷியும் காசியோபியாவும் ஒருபோதும் மறைவதில்லை. துருவத்தைச் சுற்றிச் சுற்றி வந்துகொண்டே இருக்கும். இரண்டும் துருவத்துக்கு இந்தப்பக்கம் ஒன்று, அந்தப்பக்கம் ஒன்று இருப்பதால், ஒன்று தாழும்போது மற்றது உயரும். புத்தகங்கள் இரண்டையும் ஜோடியாகச் சொல்வது அதனால்தான். நமக்கோ துருவத்திலிருந்து 10, 11 பாகைக்குள் இருப்பவை மட்டுமே மறையாமல் இருக்கும். அந்தச் சின்ன வட்டத்துக்குள் துருவ நட்சத்திரத்தைத் தவிர கண்ணில் படும்படி எதுவும் இல்லை. மீதி எல்லா உருவங்களுக்கும் உதயம், அஸ்தமனம், பருவம் எல்லாம் உண்டு. ஆகவே நம்மூரில் முதலில் மாதத்தைப் பார்க்கவேண்டும், அப்புறம் உருவத்தைத் தேர்ந்தெடுக்கவேண்டும். துருவ நட்சத்திரத்தை முதல் பாடமாக வைக்கவே கூடாது, அது மூன்றாவதோ நான்காவதோ பாடம்.

சப்தரிஷி

இரவு ஒன்பது மணியை அளவாக வைத்துக்கொண்டால், சப்தரிஷியின் ஏழு நட்சத்திரங்களும் முழுசாகத் தெரிவது மார்ச்சிலிருந்து ஆகஸ்ட் தொடக்கம் வரை. நல்ல காலம் ஏப்ரல் முதல் ஜூன் வரை, அதாவது சித்திரையும் வைகாசியும். அப்போது வடக்கே நாற்பது பாகை உயரத்தில், நான்கு முஷ்டிக்கு மேல், தாராளமாக விரிந்திருக்கும். ஏழில் ஆறு நட்சத்திரங்கள் துருவ நட்சத்திரத்துக்குச் சமமான பிரகாசம் அல்லது அதற்குச் சற்று முன்பின். கரண்டியும் காம்பும் சேரும் இடத்தில் இருக்கும் ஒன்று மட்டும் மங்கல். சென்னை போன்ற வெளிச்ச நகரங்களில் உருவம் ஆறாகத் தெரிந்தால் காணாமல் போனது அதுதான்.

படத்தில் பார்த்துப் பழகியவர்கள் இங்கே ஒன்றில் தடுமாறுவார்கள். நாம் சப்தரிஷியைத் துருவத்துக்கு மேலே இருக்கும்போது மட்டுமே பார்க்கிறோம். எனவே உச்சத்தில் இருக்கும்போது கரண்டி எப்போதும் கவிழ்ந்தே இருக்கும், வாய் கீழே பார்த்திருக்கும். நிமிர்ந்த கரண்டியாக அடிவானத்தை ஒட்டி அது போவது வடநாட்டவர் காணும் காட்சி, நமக்கு அந்த நேரத்தில் அது பூமிக்கு அந்தப்பக்கம். மார்ச்சில் வடகிழக்கில் ஏறும்போது காம்பு கீழே தொங்க எழும். ஜூலையில் வடமேற்கில் இறங்கும்போது கரண்டி முதலில் இறங்கும்.

கரண்டியின் வெளி ஓரத்து இரண்டும் துபே, மெராக். நம் மரபில் கிரது, புலகர். இவற்றுக்கு இடையே ஐந்து பாகைக்குச் சற்று மேல் இருக்கும். மெராக்கிலிருந்து துபே வழியாகக் கோடு போட்டு, அந்த இடைவெளியைப்போல ஐந்து மடங்கு கீழே இறங்கினால் துருவ நட்சத்திரம். குறி தப்பாது. மூன்று உருவங்களில் துருவத்துக்கு வழிகாட்டுவதில் இதை மிஞ்ச ஒன்றும் இல்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

ஆனால் எனக்கு சப்தரிஷியில் பெரிய ஈர்ப்பு காம்புப் பக்கம்தான். காம்பின் நடுவில் இருப்பது வசிஷ்டர், மிஸார் என்பது அரபுப் பெயர். அதை ஒட்டி, நல்ல கண் இருந்தால் தெரியும் மங்கலான புள்ளி அருந்ததி, அதாவது அல்கோர். இடையே 12 கலை (ஒரு பாகையில் அறுபதில் ஒரு பங்கு ஒரு கலை), முழுநிலவின் அகலத்தில் பாதிகூட இல்லை. அம்மி மிதித்து அருந்ததி பார்த்தவர்களில் எத்தனை பேர் உண்மையில் பார்த்தார்கள் என்று கேட்கக்கூடாது. முகூர்த்தம் பெரும்பாலும் பகலில், கைகாட்டப்படும் திசையில் பந்தல் துணி. சித்திரை, வைகாசியில் கல்யாணம் என்றால் அன்று இரவே மாடிக்குப் போய் நிஜமாகவே பார்த்துவிடலாம். 4ஆம் பொலிவெண் என்பதால் ஊரின் வெளிச்சம் கொஞ்சம் அடங்கிய இடமாக இருக்கவேண்டும்.

சின்ன தொலைநோக்கி கையில் இருந்தால் வசிஷ்டரே இரண்டாகப் பிரிவார். தொலைநோக்கியில் இரட்டை என்று தெரியவந்த முதல் நட்சத்திரங்களில் அது ஒன்று, 17ஆம் நூற்றாண்டிலேயே இத்தாலியில் கவனித்துவிட்டார்கள். அந்த இரண்டும் ஒவ்வொன்றும் இரட்டை, அருந்ததியும் இரட்டை. மொத்தம் ஆறு சூரியன்கள், சுமார் 80 ஒளியாண்டு தொலைவில். ஏழு ரிஷிகளில் நடுவில் உள்ள ஐந்து பேரும் ஒரே கூட்டமாக ஒரே திசையில் நகர்கிறார்கள் என்பதை 1869இல் ஆங்கில வானியலாளர் ரிச்சர்ட் பிராக்டர் கண்டார். இரண்டு முனையிலும் உள்ள கிரதுவும் மரீசியும் அந்தக் கூட்டத்தைச் சேர்ந்தவர்கள் இல்லை, தனி வழி. பல ஆயிரம் வருஷம் போனால் இந்த உருவம் கலைந்துவிடும்.

வழிகாட்டியாகவும் சப்தரிஷி வடக்கோடு நிற்பதில்லை. காம்பின் வளைவை அப்படியே தொடர்ந்து போனால் ஆரஞ்சு நிறத்தில் சுவாதி. அதே வளைவில் இன்னும் போனால் வெண்ணீலமாகச் சித்திரை. துருவத்தைக் காட்டிய இருவரையும் எதிர்த்திசையில் நீட்டினால் சிம்மராசி, அங்கே மகம். ஏப்ரல், மே இரவில் ஒரே உருவத்திலிருந்து பஞ்சாங்கத்தின் மூன்று பெயர்கள் வானத்தில் கிடைத்துவிடுகின்றன.

குறை என்று சொன்னால், ஆகஸ்ட் பாதியிலிருந்து பிப்ரவரி வரை முன்னிரவில் முழு உருவம் கிடைக்காது. விடியற்காலையில் எழுந்திருக்கத் தயார் என்றால் பிரச்சினை இல்லை, ஜனவரி அதிகாலை நாலரைக்கு வடக்கே உயரத்தில் நிற்கும். எத்தனை பேர் எழுந்திருப்பார்கள் என்பது வேறு விஷயம்.

காசியோபியா

ஐந்து நட்சத்திரங்கள், டபிள்யூ வடிவம். புத்தகங்களில் டபிள்யூ என்றுதான் இருக்கும், நம் வானத்தில் உச்சத்துக்கு வரும்போது அது எம். காரணம் சப்தரிஷிக்குச் சொன்னதே: துருவத்துக்கு மேலே இருக்கும்போதுதான் நம் கண்ணுக்குக் கிடைக்கும்.

இதன் துரதிர்ஷ்டம் மழை. ஒன்பது மணிக்கு இது வடக்கே உச்சத்தில் நிற்பது நவம்பர் பாதிக்கு மேல், வடகிழக்குப் பருவமழை கொட்டும் நேரம். வடமாநிலங்களில் இருப்பவர்களுக்கு நவம்பர் தெளிந்த வானம், அவர்கள் இதில் தொடங்கலாம். கடலூரிலோ நாகப்பட்டினத்திலோ இருப்பவர் நவம்பரில் காசியோபியாவை நம்பி உட்கார்ந்தால் மேகத்தைத்தான் படிக்கமுடியும். மழை ஓய்ந்த ஜனவரியில், ஏழரை மணிவாக்கில், வடமேற்கில் மூன்றரை முஷ்டி உயரத்தில் சாய்ந்து நிற்பதைப் பிடிப்பதே நடைமுறைக்கு ஒத்துவரும்.

காசியோபியாவை வைத்துத் துருவத்தைக் கண்டுபிடிக்க, நடு முனை காட்டும் திசையில் போ என்று பொதுவாகச் சொல்வார்கள். அது உத்தேசம்தான், பல பாகை விலகும். அதைவிட நல்ல வழி உத்திரட்டாதியிலிருந்து போவது. பெகாசஸ் என்ற பெரிய சதுரத்தின் கிழக்கு ஓரத்து இரண்டு நட்சத்திரங்கள்தான் உத்திரட்டாதி: தெற்கே அல்ஜெனிப், வடக்கே அல்பெராட்ஸ். இந்த இரண்டையும் இணைத்து வடக்கே நீட்டினால் காசியோபியாவின் மேற்கு ஓரத்தில் உள்ள காப் வரும். அல்பெராட்ஸிலிருந்து காப் வரை 30 பாகை. அதே தூரம் அதே திசையில் இன்னொரு தரம் போனால் துருவ நட்சத்திரம். நான்கும் கிட்டத்தட்ட ஒரே தீர்க்கரேகையில் அமைந்துவிட்டன. டிசம்பர் கடைசியில் இருட்டியதும் பார்த்தால் கோடு ஏறக்குறைய நேர் வடக்கு தெற்காக இருக்கும். சதுரத்தின் மேற்கு ஓரம் பூரட்டாதி, அதையும் கையோடு தெரிந்துகொள்ளலாம்.

காசியோபியாவுக்காகப் பேச இன்னொரு விஷயம் உண்டு. ஷெடார் என்ற முனை ஆண்ட்ரோமெடா காலக்ஸி இருக்கும் பக்கத்தைக் காட்டுகிறது. 25 லட்சம் ஒளியாண்டு. வெறுங்கண்ணால் பார்க்கமுடிகிற மிகத் தொலைவான பொருள்களில் ஒன்று, நல்ல இருட்டில் சிறு மங்கல் திட்டாக. 1572 நவம்பரில் டேனிஷ் வானியலாளர் டைக்கோ பிராஹே கண்ட புது நட்சத்திரம், இன்றைய மொழியில் சூப்பர்நோவா, வெடித்ததும் இந்த உருவத்துக்குள்தான். இதெல்லாம் இரண்டாம் வருஷத்து மாணவருக்கு. முதல் உருவமாக இதைத் தேர்ந்தெடுக்க நான் சொல்லமாட்டேன்.

ஓரியன்

தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் இருப்பவர் ஜனவரி முதல் மார்ச்சுக்குள் தொடங்குவதாக இருந்தால், என் தேர்வு யோசிக்காமல் ஓரியன். வானம் தெளிந்த பருவம், வேட்டைக்காரன் உருவமோ தலைக்கு மேலேயே. வெளிச்ச நகரத்தின் நடுவில் நின்றாலும் இடுப்புப் பட்டையின் மூன்று நட்சத்திரங்கள், சிவந்த திருவாதிரை, வெண்ணீல ரைஜல் எல்லாம் தெரியும். அடிவானத்தில் தேட வேண்டியதில்லை, கட்டடம், மரம், புகை எதுவும் மறைக்காது.

நம் அட்சரேகைக்கு ஓரியன் எவ்வளவு சொந்தம் என்பதற்கு ஒரு கணக்கு. ஓரியனின் தலையாக இருக்கும் மெய்ஸா, நம் மிருகசீரிடம், மதுரைக்கு நேர் உச்சி வழியாகப் போகிறது. திருவாதிரை கன்னியாகுமரிக்கும் கொழும்புக்கும் இடைப்பட்ட அட்சரேகையின் உச்சியில் போகிறது, இரண்டு ஊரிலிருந்தும் ஒரு பாகைகூட விலகல் இல்லை. மற்ற பருவங்களிலும் இப்படிச் சில உண்டு: மகம் புதுச்சேரிக்கு நேர் மேலே, திருவோணம் திருநெல்வேலிக்கு அருகே. லண்டன்காரர் ஓரியனைத் தெற்கே எட்டிப் பார்க்கிறார், நாம் அண்ணாந்து பார்க்கிறோம்.

இனி வடக்கே போகும் வழி. ஜனவரி கடைசியில் இரவு ஒன்பது மணி. பட்டையின் நடு நட்சத்திரம் அல்நிலம். அதிலிருந்து தலையான மிருகசீரிடம் வழியாக வடக்கே கோட்டை நீட்டுங்கள். முதலில் ரிஷபத்தின் கொம்பு நுனியான எல்நாத்துக்குப் பக்கத்தில் போகும். அதையும் தாண்டினால் மஞ்சள் கலந்த பெரிய ஒளி, கப்பெல்லா. வடமொழி நூல்களில் பிரம்மஹிருதயம். முழு வானத்திலேயே ஆறாவது பிரகாசம், வடவானத்தின் உயரத்தில் அதைத் தப்பவிடவே முடியாது. அங்கிருந்து நேர் கீழே நாலரை முஷ்டிக்குக் கொஞ்சம் குறைவாக இறங்கினால், அடிவானத்துக்கு ஒரு முஷ்டி மேலே, துருவ நட்சத்திரம். கடைசித் தாவல் நீளம்தான், சப்தரிஷியின் கோடு அளவுக்குத் துல்லியம் கிடையாது. ஆனால் அந்த வட்டாரத்தில் அதற்குப் போட்டியாக வேறு நட்சத்திரம் இல்லாததால் குழப்பம் வராது.

வழியில் கிடைப்பவையும் ஏராளம். பட்டையின் மூன்றை வடமேற்கே நீட்டினால் ரோகிணி, இன்னும் போனால் கார்த்திகைக் கூட்டம். தென்கிழக்கே நீட்டினால் வானத்திலேயே பிரகாசமான சிரியஸ். ரைஜலிலிருந்து திருவாதிரை வழியாகக் கோடு போட்டால் மிதுனத்து இரட்டையர், புனர்பூசம். கார்த்திகையிலிருந்து புனர்பூசம் வரை பஞ்சாங்கத்தில் அடுத்தடுத்து வரும் ஐந்து பெயர்களும் ஒரே இரவில் வரிசையாகக் கண்முன் நிற்கும். சப்தரிஷியில் மூன்று பெயர் என்றேன், இங்கே ஐந்து. அதுவும் இடைவெளி இல்லாமல்.

திருவாதிரை 2019 கடைசியிலிருந்து 2020 பிப்ரவரி வரை வெறுங்கண்ணுக்கே தெரியும்படி மங்கியது. அது வெடிக்கப்போகிறது என்று அப்போது வாட்ஸ்அப்பில் சுற்றாத குடும்பக் குழு இருந்திருக்காது. நட்சத்திரம் வீசியெறிந்த பொருள் குளிர்ந்து தூசியாகி ஒளியை மறைத்தது என்பது பின்னர் வந்த விளக்கம். ஓரியனை ஒவ்வொரு மாசியிலும் பார்த்துப் பழகியவர்களுக்கு அந்த வருஷத்து வித்தியாசம் தானாகவே தெரிந்தது.

ஆகஸ்ட், செப்டம்பரில் தொடங்குகிறவர்களுக்கு இந்த மூன்றும் கைகொடுக்காது. அப்போது உச்சி வானத்தில் இருக்கும் பெரிய முக்கோணம்தான் வழி: அபிஜித் என்னும் வேகா, திருவோணம் என்னும் அல்டேர், அன்னத்தின் வாலான டெனப். துருவத்துக்கு அது சரியான கோடு தராது. பொறுமை இருந்தால் ஜனவரி வரை காத்திருப்பதே மேல்.

எந்தப் பெயரால்

பஞ்சாங்கப் பெயர்களின் பலம், அவை ஏற்கெனவே நமக்கு மனப்பாடம் என்பது. வீட்டில் யாருக்காவது ரோகிணி, யாருக்காவது சுவாதி. மார்கழித் திருவாதிரை அன்று முழுநிலவு திருவாதிரைக்குப் பக்கத்தில் நிற்கும், கார்த்திகை தீபத்தன்று கார்த்திகைக் கூட்டத்துக்குப் பக்கத்தில். காலண்டரைக் கிழிக்கும்போதே நிலவு எங்கே என்று தெரிகிறது. ஆனால் பஞ்சாங்கம் கணக்கிடுவது நட்சத்திரத்தை அல்ல, நிலவின் பாதையை 27ஆகப் பிரித்த 13 பாகை 20 கலைத் துண்டை. ஒரு துண்டின் பெயருக்குரிய நட்சத்திரம் சில இடத்தில் ஒன்று, சில இடத்தில் இரண்டு, கார்த்திகையில் ஒரு கூட்டம். வரைபடத்தோடு ஒப்பிடும்போது இது இடறும்.

அதைவிடப் பெரிய குறை, இந்த 27ம் நிலவு போகும் பாதையை ஒட்டியவை. வடவானத்துக்கு அவை அவ்வளவாக ஏறிவருவதில்லை. சப்தரிஷிகளுக்கும் அருந்ததிக்கும் பெயர் இருக்கிறது, சங்கப் பாடல்களிலேயே எழுமீன், வடமீன் என்று வருகின்றன. காசியோபியாவுக்கு நம் வழக்கில் பெயர் இல்லை. மராத்தியில் அதைச் சர்மிஷ்டா என்றும் ஆண்ட்ரோமெடாவைத் தேவயானி என்றும் எழுதுகிறார்கள், அழகாகத்தான் இருக்கிறது. தமிழில் அது ஒட்டவில்லை.

அரபுப் பெயர்கள் எந்த ஆப்பிலும் எந்த வரைபடத்திலும் இருக்கும். 10ஆம் நூற்றாண்டில் அல் சூஃபி போன்ற வானியலாளர்கள் தொகுத்தவை ஐரோப்பா போய் உச்சரிப்பு தேய்ந்து வந்தவை. பல பெயர்கள் உடல் உறுப்புகள்: டெனப் என்றால் வால், ரைஜல் என்றால் கால். உருவம் தெரிந்தவருக்குப் பெயரே இடத்தைச் சொல்லிவிடும். சில பெயர்களுக்கு வேறு கதை. காசியோபியாவின் நடு நட்சத்திரத்துக்கு அரபுப் பெயர் அமையவில்லை. அமெரிக்க விண்வெளி வீரர் கஸ் கிரிஸம் தன் நடுப்பெயரான ஐவன் என்பதன் ஆங்கில எழுத்துகளைத் திருப்பிப் போட்டு, விளையாட்டாக அதை நாவி என்று வரைபடத்தில் நுழைத்தார். 1967 ஜனவரியில் அப்போலோ 1 தீவிபத்தில் அவர் இறந்தார், பெயர் புழக்கத்தில் தங்கிவிட்டது.

கிரேக்க எழுத்துகள் 1603இல் யோஹான் பாயர் வெளியிட்ட வரைபடத்திலிருந்து வந்தவை. ஆல்பா என்றால் அந்தக் குழுவில் மிகப் பிரகாசமானது என்று நினைப்போம். ஓரியனில் பீட்டாவான ரைஜல்தான் வழக்கமாக ஆல்பாவான திருவாதிரையை முந்துகிறது. சப்தரிஷியில் பாயர் பிரகாசத்தைப் பார்க்கவே இல்லை, கரண்டி ஓரத்தில் ஆரம்பித்துக் காம்பு நுனிவரை ஏழு எழுத்தையும் வரிசையாக வைத்துவிட்டார். பைனாகுலர் வாங்கும் வரைக்கும் இந்த எழுத்துகள் உங்களுக்குத் தேவைப்படாது.

நான் சொல்லும் வழி கலப்படம்தான். வீட்டில் பழகிய பெயர் உள்ளவற்றை அந்தப் பெயராலேயே கூப்பிடுங்கள்: ரோகிணி, திருவாதிரை, மகம், சுவாதி, சித்திரை, திருவோணம். மற்றவற்றுக்கு அரபுப் பெயர். ஆல்டெபரான் என்று ஆப் சொன்னால் ரோகிணி என்று மனசுக்குள் மாற்றிக்கொள்ள இரண்டு வாரம்கூட ஆகாது. சர்வதேச வானியல் ஒன்றியம் 2016இல் நட்சத்திரப் பெயர்களை முறைப்படுத்தக் குழு அமைத்தபின் ரேவதி, பரணி என்ற பெயர்களும் அதன் பட்டியலில் ஏறிவிட்டன. ஆக நம் பெயரைச் சொல்வது பழமை என்று கூச்சப்படவும் தேவையில்லை.

லண்டன், டொரன்டோ, ஆஸ்லோ என்று இருக்கும் தமிழர்களுக்கு மேலே சொன்ன பருவக் கவலை எதுவும் இல்லை. புத்தகம் சொல்கிறபடியே சப்தரிஷியில் தொடங்குங்கள், எந்த மாதமும் இருக்கும். கரண்டி நிமிர்ந்தும் கவிழ்ந்தும் சுற்றுவதை ஒரு குளிர்கால இரவிலேயே பார்க்கலாம். கோலாலம்பூர், சிங்கப்பூரில் இருப்பவர்கள் துருவத்தை மறந்துவிட்டு ஓரியனோடு நின்றுகொள்ளலாம். துருவம் இவ்வளவு தாழும் கடல்களில் ஓடிய அரபு மாலுமிகளும் அதையேதான் செய்தார்கள்: விரல் கணக்கில் துருவ நட்சத்திரத்தின் உயரத்தை அளந்தவர்கள், அது கைக்கு எட்டாமல் தாழ்ந்ததும் துருவ நட்சத்திரம் இருக்கும் சிறு கரடிக் குழுவிலேயே உள்ள இரண்டு காவல் நட்சத்திரங்களுக்கு மாறிக்கொண்டார்கள்.

துருவ நட்சத்திரத்தைப் பார்த்தே தீரவேண்டும் என்பவருக்கு வடக்கே திறந்த கடல் வேண்டும். சென்னைக் கடற்கரை கிழக்கு பார்த்தது, பாதி வடக்கு துறைமுக வெளிச்சத்தில் போய்விடும். தனுஷ்கோடியில் பாக் விரிகுடாப் பக்கம் திரும்பி நின்றால் நல்ல வடக்கு. பருத்தித்துறையில் அதைவிட நல்லது.

கடைசியாக, சுழற்றிப் பார்க்கும் வட்ட வரைபடம் வாங்குகிறவர்கள் அட்டையில் அட்சரேகை என்ன போட்டிருக்கிறது என்று பார்த்து வாங்குங்கள். கடைகளில் அதிகம் கிடைப்பவை 40, 50 பாகைக்கானவை. அவற்றில் துருவம் நடுவானத்தில் இருக்கும், ஓரியன் தெற்கு ஓரத்தில் கிடக்கும். 10 அல்லது 15 பாகைக்கானது கிடைக்காவிட்டால் ஆப் போதும், ஊரின் பெயரைச் சரியாகக் கொடுத்து, திரையைச் சிவப்பு வெளிச்சத்துக்கு மாற்றிவிட்டு மாடியேறுங்கள். கண் இருட்டுக்குப் பழக இருபது நிமிடமாவது ஆகும், அதற்குள் வாட்ஸ்அப்பைத் திறந்தால் மறுபடியும் முதலிலிருந்து.